அக்கா அதிகமாகப் போட்ட இரண்டு ஆட்டங்கள்

பள்ளிக்கூடத்தில் புதுக் கோர்ட் போட்டுவிட்டார்களாம். சிமெண்டுத் தரை, கண்ணாடி போர்டு, மஞ்சள் பெயிண்டில் கோடு. ஓரத்தில் ஒரு பலகை நட்டு, நம் காலத்தில் கூடைப்பந்தில் ஒரே ஆட்டத்தில் அதிகப் புள்ளி எடுத்தது யார், எத்தனை என்று எழுதி வைக்கப்போகிறீர்களாம். விவரமெல்லாம் உனக்குத்தானே தெரியும், நீயே எழுதி அனுப்பு என்று குரூப்பில் எல்லோரும் சேர்ந்து வேலையை என் தலையில் கட்டிவிட்டீர்கள். அந்தக் காலத்திலும் இப்படித்தான். தண்ணீர்க் குடம் தூக்க ஆள் வேண்டும் என்றால் மட்டும் டீமில் அத்தனை பேருக்கும் என் ஞாபகம் வரும்.

நீங்கள் கேட்டது இரண்டு எண்கள். சித்தூரில் முப்பத்தொன்று, திருப்பதியில் முப்பத்தாறு. இரண்டும் அக்கா போட்டது. எழுதிக்கொள்ளுங்கள். ஆனால் அந்த இரண்டு எண்களை மட்டும் வெறுமனே எழுதிக் கொடுத்துவிட்டுப் போக எனக்கு மனசு வரவில்லை. உங்களில் யாருக்கும் தெரியாத சங்கதி அதற்குள் இருக்கிறது. கண்ணாடியைத் தேடி எடுத்துப் போட்டுக்கொண்டு படியுங்கள். முழங்கால் வலிக்காரிகள் காலை நீட்டிக்கொள்ளலாம்.

அக்கா என்று நான் சொல்வது என் பெரியப்பா மகளை. உங்களுக்கு அவள் கேப்டன். அவள் பத்தாவது, நான் எட்டாவது. பெரியப்பாவும் எங்கள் நைனாவும், அப்பாவை நாங்கள் அப்படித்தானே கூப்பிடுவோம், நகரியில் ஒரே வளவில் பக்கத்துப் பக்கத்து வீட்டில் பவர்லூம் ஓட்டினார்கள். தறி ஓடுகிற வீட்டில் பேச வேண்டும் என்றால் கத்த வேண்டும். கத்திக் கத்தியே வளர்ந்த கூட்டம் நாம். அதனால்தான் வெளியூர் டீம்கள் நம்மைக் கண்டு பயந்தார்கள் என்று நினைக்கிறேன். ஆட்டத்தைக் கண்டு அல்ல.

நம் பழைய கோர்ட்டை நினைத்துப் பாருங்கள். சாயப்பட்டறைக் கால்வாய் ஓரம் மண் தரை. ஒரு நாள் பச்சை, ஒரு நாள் சிவப்பு என்று கால்வாயில் தண்ணீர் ஓடும். பந்து அதில் விழுந்தால் அன்றைக்குப் பூராவும் நம் உள்ளங்கை எல்லாம் அந்த நிறம்தான். செருப்புத் தைப்பவரிடம் மூன்று இடத்தில் ஒட்டுப் போட்ட தோல் பந்து. ஒட்டுப் போட்ட பக்கம் தரையில் பட்டால் அது தன் இஷ்டத்துக்கு ஓடும். எந்தப் பக்கம் ஓடும் என்று அக்காவுக்கு மட்டும் தெரிந்திருந்தது. அந்தப் பந்தில் தேங்காய் எண்ணெய் வாசனை அடிக்கும். அது அக்கா தலையிலிருந்து வந்தது. முழங்காலைத் தொடுகிற முடி அவளுக்கு. இரட்டைப் பின்னல் போட்டு, மடித்து, ரிப்பன் கட்டி, ஆடும்போது அது அவிழ்ந்து விழுந்து, அவள் அதைத் தூக்கித் தோளுக்குப் பின்னால் எறிகிற அழகுக்காகவே பெரிய கிளாஸ் பெண்கள் மதிலோரம் நிற்பார்கள்.

ஒன்றை மறந்துவிடாதீர்கள். அக்கா பெரிய ஆட்டக்காரி, ஆனால் கூடையில் போடுகிறவள் இல்லை. ஆறு, எட்டு, மிஞ்சினால் பத்து. அவள் வேலை கொடுப்பது. நாம் ஓடுகிற இடத்துக்கு நமக்கு முன்னாலேயே பந்து வந்து காத்திருக்கும். அவள் நம்மைப் பார்க்கக்கூட மாட்டாள், வேறெங்கோ பார்த்துக்கொண்டு கொடுப்பாள். ஒரு பாஸ் என் மூக்கில் பட்டு இரத்தம் வந்ததற்கு, "நீ அங்க ஓடியிருக்கணும்டி, மூக்கு இங்க இருந்தது உன் தப்பு" என்று திட்டியவள்.

அந்த வருஷம் ஆடியில் அக்காவுக்கு டைபாய்டு வந்தது. இருபது நாள் படுக்கை. ஒரு நாள் மதியம் நினைவு தப்பி, தறியை நிறுத்து என்று கத்திக்கொண்டே இருந்தாள். தறி அன்று ஓடவே இல்லை. பெரியம்மா அப்போதே திருப்பதி மலையைப் பார்த்துக் கும்பிட்டு, பிழைத்து எழுந்தால் அவள் முடியைக் கொண்டுவந்து போடுகிறேன் என்று வேண்டிக்கொண்டாள். அதில் யாருக்கும் ஆச்சரியம் இல்லை. நம் பக்கத்தில் பெருமாளுக்கு முடி கொடுக்காத தலை எது? ஆவணியில் அழைத்துப் போய் மொட்டை போட்டார்கள். அக்காவும் சிரித்துக்கொண்டுதான் போனாள். பிழைத்ததே பெரிது என்று அவளுக்கும் இருந்தது.

திரும்பி வந்த மூன்றாம் நாள் சித்தூரில் மாவட்டப் போட்டி. அக்கா வரமாட்டேன் என்றாள். மொட்டை போட்டுக்கொண்டபோது இல்லாத வெட்கம், கோர்ட்டில் இறங்க வேண்டும் என்றதும் வந்துவிட்டது. நம் டிரில் மாஸ்டரைத்தான் உங்களுக்குத் தெரியுமே, அரை மணி நேரம் பெரியப்பா வீட்டு வாசலில் நின்று தெலுங்கிலும் தமிழிலும் மாற்றி மாற்றிக் கெஞ்சினார். கடைசியில் பெரியம்மாவின் நீலச் சேலைத் துணியைக் கிழித்துத் தலையில் கட்டிக்கொண்டு வந்தாள்.

சித்தூரில் நடந்ததை நீங்களும் பார்த்தீர்கள், ஆனால் நீங்கள் கூடையைப் பார்த்துக்கொண்டிருந்தீர்கள். ஆட்டம் தொடங்கி இரண்டு நிமிஷம் இருக்காது. பந்துக்காக எம்பியபோது எதிர் டீம்காரியின் கை பட்டுத் தலைக்கட்டு கழன்று விழுந்தது. சந்தனம் காய்ந்து வெடித்த தலை வெயிலில் பளபளவென்று வெளியே வந்தது. தெலுங்கில் மொட்டையைக் குண்டு என்பார்கள் இல்லையா, மதிலெங்கும் உட்கார்ந்திருந்த பையன்கள் கைதட்டிக்கொண்டே "குண்டு, குண்டு" என்று ஆரம்பித்தார்கள். நடுவர் வேறு, துணி கட்டிக்கொண்டு ஆடக்கூடாது என்று அதைப் பிடுங்கி மேஜைக்கு அடியில் போட்டார். அக்கா கோர்ட் நடுவில் தலையில் கை வைத்துக்கொண்டு நின்றாள். நான் பக்கத்தில்தான் நின்றேன். அவள் காது மடல் சிவந்திருந்தது.

அதன்பிறகு அவள் யாருக்கும் கொடுக்கவில்லை. கைக்கு வந்த உடனே மேலே போட்டாள். கூடைக்குக் கீழே நின்று போட்டாள், ஓரத்தில் நின்று போட்டாள், பாதிக் கோர்ட்டிலிருந்துகூட எறிந்தாள். பாதி உள்ளே போனது. அன்று வரை எட்டுப் புள்ளிக்காரி, முப்பத்தொன்று. நாமெல்லோரும் சேர்ந்து ஒன்பது. எதிர் டீம் மொத்தமாகவே இருபத்தேழு. நாம் அவளைத் தூக்கிக்கொண்டு ஆடினோம். அவள் முதலில் கேட்டது மேஜைக்கு அடியில் கிடந்த அந்தத் துணியை.

ஊருக்கு வந்ததும் கதை வேறு மாதிரி ஆகிவிட்டது. முடி கொடுத்தாள், பெருமாள் புள்ளியாகத் திருப்பிக் கொடுத்தார் என்று வளவு பூராவும் பேச்சு. மொட்டைத் தலைக்கும் முழங்காலுக்கும் முடிச்சுப் போடுவதில் நம் ஜனங்களை யார் ஜெயிக்க முடியும்? இருந்தாலும் அது பேச்சோடு போயிருக்கும். ஐப்பசியில் புத்தூரில் அடுத்த ஆட்டம் வந்து கெடுத்தது. அதற்குள் அக்காவுக்கு ஒரு விரற்கடை முடி வளர்ந்து, பார்க்கப் பையன் மாதிரி ஆகியிருந்தாள். யாரும் சிரிக்கவில்லை. அவள் பழையபடி நமக்குக் கொடுத்து ஆடினாள். ஆறு புள்ளி. ஒரே ஒரு புள்ளி வித்தியாசத்தில் தப்பிப் பிழைத்தோம்.

பஸ்ஸில் திரும்பி வரும்போதே பெரியப்பா கணக்குப் போட்டுவிட்டார். மொட்டையாக இருந்தால் முப்பத்தொன்று, முடி இருந்தால் ஆறு. இதற்குமேல் என்ன அத்தாட்சி வேண்டும்?

பெரியப்பாவைத் தப்பாக நினைக்காதீர்கள். பெண் பிள்ளை அரைப் பாவாடையோடு ஆடுவதைப் பார்த்து ஊர் முகம் சுளித்த காலத்தில், தறியை நிறுத்திவிட்டு ஒவ்வொரு ஆட்டத்துக்கும் வந்தவர் அவர் ஒருவர்தான். எங்கள் நைனா ஒரு ஆட்டத்துக்கும் வந்ததில்லை. பெரியப்பா கோட்டுக்கு வெளியே நின்று, விதி ஒன்றும் தெரியாமல், நம் பெண்கள் கையில் பந்து இருக்கும்போதெல்லாம் சந்தோஷப்படுவார். அவருக்கு அக்கா உயிர். அந்த உயிருக்கு நல்லது என்று நினைத்துத்தான் எல்லாம் செய்தார்.

வேண்டுதல் என்றால் காரியம் நடந்தபிறகுதான் முடி கொடுப்பது வழக்கம். பெரியப்பா அதைத் தலைகீழாக்கி, காரியத்துக்கு முன்னாலேயே கொடுப்பது என்று முடிவு செய்தார். இறுதி ஆட்டம் கார்த்திகையில் திருப்பதியில். அதற்கு முன்னால் மலைக்குப் போய் இன்னொரு மொட்டை. பெரியம்மாவுக்குக்கூட இது உறைத்தது. கேட்காத சாமிக்கு எதுக்கு என்று முணுமுணுத்தாள். டிரில் மாஸ்டர் மட்டும் படித்தவர், சொன்னால் பெரியப்பா கேட்பார் என்று அக்கா அவரிடம் போய் நின்றாள். அவர் விசிலைக் கையில் உருட்டிக்கொண்டே, "எலா உந்தோ அலா உண்டனிம்மா" என்றார். இருக்கிறபடியே இருக்கட்டும், மாற்ற வேண்டாம் என்று அர்த்தம். அவருக்கு ஷீல்டு வேண்டும். நமக்கும் வேண்டும். நமக்கு மட்டும் வேண்டாமா என்ன?

திருப்பதியில் கூட்டம் இன்னும் அதிகம். இந்த முறை பெரியப்பா துணி கட்டக்கூட விடவில்லை, ராசி போய்விடும் என்று. அவள் தலை வெளியே தெரிய நடந்து வந்தபோது விசிலும் சிரிப்பும் சித்தூரைவிட இரண்டு மடங்கு. அக்கா அன்றும் யாருக்கும் கொடுக்கவில்லை. முப்பத்தாறு போட்டாள். ஷீல்டு நமக்கு. போட்டோ எடுத்தார்களே, அதில் அக்கா மட்டும் குனிந்திருப்பாள், ஷூ கட்டுகிறாள் என்று நீங்கள் எல்லோரும் சொல்வீர்கள். அவள் அன்று ஷூவே போடவில்லை. அந்தப் போட்டோவும் இப்போது யாரிடமும் இல்லை.

சாயங்காலம் பஸ்ஸில் எனக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள். முன்னால் நீங்கள் எல்லோரும் பாட்டுப் பாடிக்கொண்டு, வேகவைத்த வேர்க்கடலைத் தோலை டிரில் மாஸ்டர் தலையில் போட்டுக்கொண்டு வந்தீர்கள். எப்படிக்கா இவ்வளவு போட்ட என்று நான் கேட்டேன். நிஜமாகவே தெரிந்துகொள்ளத்தான் கேட்டேன்.

"எல்லாரும் என் தலையையே பாத்துக்கினு இருக்காங்கடி," என்றாள். "பந்து மேல போறப்ப மட்டும்தான் எல்லாரும் பந்தைப் பாக்குறாங்க. என்னைப் பாக்கல. அதான் கைக்கு வந்ததும் மேல போட்டுக்கினே இருந்தேன்."

யாரிடமும் சொல்லாதே என்றாள். நான் சொல்லவில்லை. அவள் சொல்லாதே என்றதால் மட்டும்தானா என்று கேட்டால், இந்த வயதில் பொய் சொல்ல எனக்கு என்ன இருக்கிறது, முழுக்க அதனால் இல்லை. ஷீல்டு வாங்கிய டீமில் நானும் ஒருத்தி என்று தெருவில் நிமிர்ந்து நடக்க எனக்குப் பிடித்திருந்தது. பெரியப்பாவிடம் போய் விஷயம் இதுதான் என்று சொல்லியிருந்தால் அவர் நொறுங்கிப் போயிருப்பார், அன்றோடு நிறுத்தியும் இருப்பார். சொல்லாமல் விட்டேன். அது இன்று வரை என்னைக் குத்துகிறது.

தையில்தான் அந்தத் தேர்வு ஆட்டம் வந்தது. ஸ்போர்ட்ஸ் ஆஸ்டலுக்குப் பெண்களை எடுக்கிறார்கள் என்று. எடுத்துவிட்டால் மேற்படிப்பு, சாப்பாடு, ஆட்டம் எல்லாம் அவர்கள் பொறுப்பு, பின்னால் கோட்டாவில் வேலை. ஒரு பள்ளிக்கூடத்திலிருந்து ஒருத்தியைத்தான் எடுப்பார்கள். அது அக்காதான் என்பதில் நமக்குச் சந்தேகமே இல்லை. அக்காவுக்கு அது வெறும் சீட்டு இல்லை. பத்தாவது முடிந்ததும் பெரியம்மாவின் தம்பிக்கு அவளைக் கொடுப்பது என்று வீட்டில் பேசி வைத்திருந்தார்கள். விஜயபுரம் பக்கம் நெல்லும் கடலையும் விளைகிற நிலம், நல்ல மாமா. ஆனாலும் பதினாறு வயதில் யாருக்குக் கடலைக் கொல்லை மேல் ஆசை வரும்? சீட்டு கிடைத்தால் கல்யாணத்தைத் தள்ளிப்போடுவதாகப் பெரியப்பா வாக்குக் கொடுத்திருந்தார். கூடவே, அதற்கும் முன்னால் ஒரு மொட்டை என்றும் சொல்லிவிட்டார்.

மூன்றாவது முறை என்னையும் துணைக்குக் கூட்டிக்கொண்டு போனார்கள். பெரியப்பாவும் போட்டுக்கொள்வதாக இருந்ததால் மொட்டைக்கு இரண்டு டோக்கனும் இரண்டு பிளேடும் வாங்கிக்கொண்டு வந்தார். மொட்டை போடுகிற மண்டபத்தில், அந்தக் கல்யாணகட்டாவில், ஈர முடி வாசனை உங்களுக்குத் தெரியும். தரையெல்லாம் தண்ணீர், குழந்தைகள் அழுகை, கோவிந்தா கோவிந்தா. அக்கா போய்ச் சம்மணம் போட்டு உட்கார்ந்தாள். எடுக்க அவள் தலையில் அதிகம் ஒன்றும் இல்லை. நாவிதர் தண்ணீர் தெளித்துத் தடவிப் பார்த்துவிட்டு, இப்போதுதானே போட்டாற்போல் இருக்கிறது என்றார். அக்கா அழவில்லை. தலையைத் தானே குனிந்து கொடுத்தாள். பழகிப்போன மாதிரி அவள் குனிந்த அந்தக் குனிவைத்தான் என்னால் தாங்க முடியவில்லை.

அப்போது எனக்கு ஒரு யோசனை வந்தது. எட்டாம் வகுப்பு மூளையின் யோசனை. மொட்டைத் தலை ஒன்றாக இருந்தால் எல்லாக் கண்ணும் அதன்மேல் விழும், இரண்டாக இருந்தால் பாதிக் கண் என்மேல் விழுந்துவிடும் அல்லவா? பெரியப்பா கையிலிருந்து ஒரு டோக்கனையும் பிளேடையும் பிடுங்கிக்கொண்டு பக்கத்து நாவிதர் முன்னால் போய் உட்கார்ந்தேன். பெரியப்பா பதறிப்போய், உங்க நைனாவுக்கு நான் இன்னா பதில் சொல்றது, எழுந்திரு என்று கையைப் பிடித்து இழுத்தார்.

"நானும் வேண்டிக்கினேன் பெரியப்பா," என்றேன்.

அப்பட்டமான பொய். ஆனால் வேண்டிக்கொண்டேன் என்று ஒருத்தி சொல்லிவிட்டால் அதைத் தடுக்க நம் ஊரில் எந்த ஆம்பிளைக்கும் தைரியம் கிடையாது. பெரியப்பா கையை விட்டுவிட்டார். கன்னத்தில் போட்டுக்கொண்டார். கத்தி படும்போது தலை ஜில்லென்று இருந்தது. என் பின்னல் மடியில் விழுந்தது, எலி வால் மாதிரிதான் இருக்கும், அதற்காக ஒன்றும் வருத்தமில்லை. திரும்பிப் பார்த்தேன். அக்கா என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் முகத்தில் இருந்தது என்னவென்று அன்றைக்கு எனக்கு விளங்கவில்லை.

அன்று திருச்சானூரில் உறவுக்காரர் வீட்டில் தங்கி, மறுநாள் காலை ஆட்டத்துக்குப் போனோம். எங்கள் இரண்டு பேரையும் பார்த்து நீங்கள் சிரித்த சிரிப்பு இருக்கிறதே, எதிர் டீம்கூட அப்படிச் சிரிக்கவில்லை. எனக்கு எலுமிச்சம்பழம் என்று பெயர் வைத்தவள் யார் என்று எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது. பெயரை இங்கே எழுதவில்லை, அவள் இப்போது சம்பந்தி வீட்டில் கௌரவமாக இருக்கிறாள். கூட்டம் குண்டு குண்டு என்று கத்தியபோது நான் தலையைத் தடவி அவர்களுக்கு ஒரு கும்பிடு போட்டேன். அக்கா சத்தம் போட்டுச் சிரித்தாள். சித்தூருக்குப் பிறகு கோர்ட்டில் அவள் சிரித்தது அன்றுதான்.

அன்று அக்கா ஆடிய மாதிரி அதற்கு முன்னும் பின்னும் யாரும் ஆடி நான் பார்த்ததில்லை. நான் பிறகு பதினைந்து வருஷம் பெரிய பெரிய ஆட்டக்காரிகளோடு ஆடியிருக்கிறேன், அதனால் தைரியமாகச் சொல்கிறேன். அவள் தன் தலையை மறந்துவிட்டாள் என்று நினைத்தேன். மூன்று பேர் அவளைச் சூழ்ந்துகொள்வார்கள், எங்கிருந்தோ பந்து என் கைக்கு வரும். கூடைக்குக் கீழே நான் தனியாக நிற்பேன். போடுவதைத் தவிர எனக்கு வேறு வேலையே இல்லை. சாக்குப்பையில் உருளைக்கிழங்கு போடுவது மாதிரி போட்டுக்கொண்டே இருந்தேன். எனக்கு இருபத்திரண்டு, அக்காவுக்கு நான்கு. நாம் ஜெயித்தோம். ஷாமியானாவுக்குக் கீழே உட்கார்ந்திருந்த தேர்வாளர்கள் மூன்று பேரும் வியர்வையைத் துடைத்துக்கொண்டு, புள்ளி எழுதிய தாளை வாங்கிப் பார்த்தார்கள். பார்த்துவிட்டு என் பெயரைப் படித்தார்கள்.

டிரில் மாஸ்டர் ஓடிப்போய், தப்பு நடந்துவிட்டது, இந்தப் பெண்தான் எங்கள் ஸ்டார், முப்பத்தாறு போட்டவள் என்று மன்றாடினார். அவர்கள் எந்த ஆட்டத்தையும் கேள்விப்பட்டதில்லை, அன்றைய தாள்தான் தெரியும். பெரியப்பா கோட்டுக்கு வெளியே அப்படியே குத்துக்காலிட்டு உட்கார்ந்துவிட்டார். வெண்ணெய் திரண்டு வரும்போது தாழி உடைந்துபோனது அவருக்கு. ஆனால் வீடு வந்து சேர்வதற்குள் அதற்கும் ஒரு நியாயம் கண்டுபிடித்துவிட்டார். அவ முடி ரெண்டு தரம் குடுத்த முடி, இவளோடது புது முடி, சாமிக்குப் புதுசுதான் புடிச்சிக்கிச்சி என்று என் நைனாவிடம் சொன்னார். சொல்லிவிட்டு என் தலையைத் தொட்டு ஆசீர்வாதம் செய்தார். இன்னொருவராக இருந்தால் என் முகத்தில் விழித்திருக்கமாட்டார்.

அப்புறம் நடந்தது உங்களுக்குத் தெரியும். நான் ஆஸ்டலுக்குப் போனேன், ஆடினேன், கோட்டாவில் வேலைக்குச் சேர்ந்தேன், இந்த வீடு, இந்தப் பென்ஷன் எல்லாம் அந்த இருபத்திரண்டு புள்ளியில் வந்தவை. வைகாசியில் அக்காவுக்குக் கல்யாணம். எனக்குக் கேம்ப், விடவில்லை. நீங்கள் போயிருந்தீர்கள். அவளுக்குப் பின்னல் வைக்கத் தலையில் முடி பிடிபடாமல், சவுரியைத் துணியில் தைத்துக் கட்டி, அதன்மேல் பூ வைத்தார்கள் என்று நீங்கள்தான் எனக்குச் சொன்னீர்கள். நிமிர்ந்தால் கழன்றுவிடும் என்று தாலி கட்டுகிறவரை குனிந்தே இருந்தாளாம். நல்ல அடக்கமான பெண் என்று மாமா வீட்டுச் சனம் பாராட்டியதாம்.

நாற்பத்தைந்து வருஷம் அக்காவும் நானும் இதைப் பேசவில்லை. கல்யாணம், கருமாதி என்று எத்தனையோ இடத்தில் பார்த்துக்கொண்டோம். அவள் பிள்ளைகள், என் பிள்ளைகள், சர்க்கரை, மூட்டு வலி எல்லாம் பேசுவோம். பந்தைப் பற்றி ஒரு வார்த்தை வராது. எனக்குப் பயம். நான் என் புத்திசாலித்தனத்தால் மொட்டை போட்டுக்கொள்ளாமல் இருந்திருந்தால் அவள் வெட்கத்தில் நாற்பதுகூடப் போட்டிருப்பாள், சீட்டு அவளுடையது. உதவி செய்கிறேன் என்று அவள் தட்டிலிருந்ததை எடுத்துத் தின்றவள் நான். இப்படித்தான் இத்தனை வருஷமும் நினைத்துக்கொண்டிருந்தேன்.

போன மாதம் நீங்கள் பலகைக்கு அவளிடம் ஒரு போட்டோ வாங்கி வரச் சொன்னீர்கள் இல்லையா, அதற்காக விஜயபுரம் போனேன். மாமா தவறி இரண்டு வருஷம் ஆகிறது. அக்கா வீட்டில் தனியாகத்தான் இருந்தாள். நரைத்த முடிதான், ஆனால் இடுப்பு வரைக்கும் அடர்த்தியாக இருக்கிறது. குளித்துவிட்டு வெயிலில் உட்கார்ந்து உலர்த்திக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்ததும் எழுந்துபோய்ச் சோறு போட்டாள். சாப்பிட்டுக்கொண்டே பலகை விஷயத்தைச் சொன்னேன். முப்பத்தொன்று, முப்பத்தாறு என்று சொல்லும்போதே எனக்கு அழுகை வந்துவிட்டது. அந்தச் சீட்டு உன்னுதுக்கா, நான் குறுக்க வந்து உக்காந்து கெடுத்துட்டேன் என்று சொல்லிவிட்டேன்.

அக்கா கோபப்படவில்லை. ஏதோ சின்னப் பிள்ளை உளறுவதைக் கேட்கிற மாதிரிப் பார்த்தாள்.

"நீ இன்னாடி கெடுத்த? நான்தான் வேணும்னே போடல," என்றாள். "மூணாவது வாட்டியும் முப்பது போட்டுட்டா நைனா உடுவாரா? ஆஸ்டலுக்குப் போனா மாசத்துக்கு ஒரு மேட்ச். மாசத்துக்கு ஒரு மொட்டை. ஆயுசு பூரா இப்படியேதான்னு நெனச்சேன். நீ பக்கத்துல வந்து உக்காந்தியா, சரி, இவளுக்குக் குடுத்துரலாம்னு அங்கயே முடிவு பண்ணிட்டேன்."

அவள் குழம்புக் கிண்ணத்தை என் பக்கம் தள்ளி வைத்தாள். வைத்துவிட்டு, என்னிடம் ரொம்ப நாளாக ஒன்று கேட்க வேண்டும், கேட்கப் பயமாக இருந்தது என்றாள். அவளுக்கும் பயம் இருக்கும் என்று எனக்கு ஒரு நாளும் தோன்றியதில்லை.

"எனக்கு வர வேண்டியதை உன் தலையில கட்டிட்டேனேன்னு இருக்கும். லீவுல நீ வர்றப்பல்லாம் முடி கட்டையாத்தான் இருக்கும். இப்பதான் வளருது போலன்னு பாப்பேன். வாய் தொறந்து கேக்க மாட்டேன்." கரண்டியை எடுத்து எனக்கு இன்னும் கொஞ்சம் சோறு போட்டாள். "அங்க உனக்கு எத்தனை தரம் மொட்டை போட்டாங்கோ?"

எனக்கு முதலில் கேள்வியே புரியவில்லை. புரிந்ததும் கையை உதறிவிட்டு அவளுக்குச் சொன்னேன். ஆஸ்டலில் அத்தனை பெண்களுக்கும் கழுத்து வரைக்கும் கிராப் வெட்டுவார்கள், வார வசதியாக இருக்கட்டும் என்று. எங்கள் கோச் வேறு ஊர்க்காரி, அவளுக்கு மொட்டையும் தெரியாது, ராசியும் தெரியாது. பெரியப்பா ஒரே ஒரு முறை வந்து மலைக்குக் கூட்டிப்போகிறேன் என்று கேட்டார். பயிற்சி இருக்கிறது, அனுப்ப மாட்டேன் என்று கேட்டிலேயே சொல்லித் திருப்பி அனுப்பிவிட்டாள். அவரும் தலையாட்டிவிட்டுப் போய்விட்டார். அதற்குமேல் யாரும் கேட்கவே இல்லை.

"ஒரு தரம்கூட இல்லியா?"

"இல்லக்கா."

அக்கா கையில் இருந்த கரண்டியைச் சோற்றுப் பானைமேல் வைத்தாள். வெயிலில் உலர்ந்த முடியை முன்னால் எடுத்துப் போட்டு, முனையைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அப்ப அன்னிக்கு கூடையில நானே போட்டிருக்கலாம்," என்றாள்.